காடுகாண் காதையிற் பிலம்

சிலப்பதிகாரத்தின் 30 காதைகளுள் மாணவர் விரைந்து புரட்டிச் செல்வது எதுவென வினவின், 11ஆம் காதையாகிய காடுகாண் காதையே எனலாம். கானல் வரியின் இசையும், வழக்குரை காதையின் சீற்றமும், கொலைக்களக் காதையின் துயரமும் தத்தம் வலிமையாற் படிப்போரைப் பிடித்து நிறுத்துவன. காடுகாண் காதையோ மாங்காட்டு மறையோன் ஒருவன் நின்று வழி கூறுவதாகவே பெரும்பாலும் அமைந்துள்ளது. வழிகேட்டவனுக்கு இத்துணை நீண்ட விடை வேண்டுமா என்னும் எண்ணம் இளைஞர்க்குத் தோன்றுதல் இயல்பே. அம்மறையோன் கூறும் வழிகளுள் ஒன்று பிலம் ஒன்றனுட் புகுகின்றது. பிலமென்பது நிலத்தினுள் ஆழ்ந்து செல்லும் குகை. அதனுள் என்ன இருந்தது, அதனைக் கோவலன் ஏன் காணாது போயினான் என்பவற்றை ஆராயின், இக்காதை காப்பியத்தின் நடுவே எத்தகைய பொறுப்பைத் தாங்கி நிற்கின்றது என்பது புலனாகும்.

மதுரைக் காண்டத்தின் முதற் காதை இது. உறையூரில் அருகனை வணங்கி, வைகறையிற் புறப்பட்டுத் தென்றிசை நோக்கிச் செல்லும் கோவலனும் கண்ணகியும் கவுந்தியடிகளும் இளமரக்கா ஒன்றில் இளைப்பாறுகின்றனர். அவ்வழியே பாண்டியனை வாழ்த்திக்கொண்டு மறையோன் வருகின்றான். குடமலைப் பக்கத்து மாங்காட்டினன். அரங்கத்திற் கிடந்த கோலத்தையும் வேங்கடத்தில் நின்ற கோலத்தையும் காண விழைந்து புறப்பட்டவன். மதுரைக்குச் செல்லும் நெறி யாதெனக் கோவலன் வினவ, இத்துணைக் கொடிய வேனிலில் இந்நங்கையுடன் வந்தனையே என்று முதலில் இரங்குகின்றான். இரக்கத்தின் காரணத்தையும் அவன் மறைக்கவில்லை. முல்லையும் குறிஞ்சியும் வேனிலின் வெம்மையால் தம் இயல்பு கெட்டுப் பாலை எனும் வேறொரு வடிவத்தைக் கொள்ளும் காலம் அது. பாலையைத் தனி நிலமாகக் கொள்ளாது, நிலங்கள் அடையும் நிலைமாற்றமாகக் காட்டும் இவ்விடம் தமிழிலக்கியத்திற் பெரிதும் எடுத்தாளப்படுவது. நெல்லியடியிலிருந்து யாழ்ப்பாணம் நோக்கிச் செல்வோர் வைகாசி மாதத்து நண்பகலில் வல்லை வெளியைக் கடந்திருப்பின், மறையோன் எதற்கு இரங்கினான் என்பதற்கு உரை தேட வேண்டியதில்லை.

கொடும்பை என்னும் ஊரின் நெடுங்குளக் கரையில் வழி மூன்றாகப் பிரிகின்றது. அப்பிரிவுக்குச் சிவபெருமானது முத்தலைச் சூலம் உவமையாகின்றது. கொடும்பை இன்றைய புதுக்கோட்டை மாவட்டத்துக் கொடும்பாளூர் என்பர். திருச்சிராப்பள்ளியிலிருந்து ஏறத்தாழ 40 கிலோமீற்றர் தெற்கே உள்ளது. அவ்விடத்தே தெற்கு நோக்கி நிற்போனுக்கு வலப்பக்கத்தே மேற்கிற் சிறுமலையும், இடப்பக்கத்தே கிழக்கில் அழகர்மலையும் அமையும். வலவழி சிறுமலைப் பக்கமாகவும் இடவழி திருமால்குன்றத்தின் பக்கமாகவும் செல்லும் எனக் காப்பியம் கூறுவது இன்றைய நிலப்படத்தோடு முற்றும் ஒத்துள்ளது. நத்தம் ஊடாக மதுரை செல்லும் இக்காலப் பாதையும் அவ்விரு மலைகளின் இடையேதான் ஓடுகின்றது. கற்பனையை விரிக்கப் புகுந்த புலவர் அதற்கு அடியாகக் கொண்ட நிலம் இவ்வாறு அளந்து வைத்தாற்போன்ற உண்மை நிலமாக இருத்தல் கருதத்தக்கது.

வலவழியைப் பற்றி நீளப் பேச வேண்டுவதில்லை. வற்றிய மரங்களும், உலர்ந்த மூங்கிலும், நீர் வேட்கையாற் கதறும் மான்களும், எயினர் குடியிருப்பும் நிறைந்த வறுநிலத்தைக் கடந்தால் சிறுமலை தோன்றும். அங்கே தினையும் கரும்பும் மஞ்சளும் வாழையும் மாவும் பலாவும் செறிந்திருக்கும். அம்மலையை வலமாகக் கொண்டு சென்றால் மதுரை. சிறுமலை வாழைப்பழம் இன்றும் தனிப்பெயர் பெற்று விளங்குவது இப்பட்டியலைப் படிப்போர்க்கு ஒரு சிறு மகிழ்ச்சி தரும்.

இடவழியே பிலத்துக்குரியது. வயலும் பொய்கையும் சோலையும் கடந்து அவ்வழி திருமால்குன்றத்தை அடையும். ஆங்கே மனமயக்கத்தைக் கெடுக்கும் பிலம் ஒன்றுண்டு. அதனுள்ளே புண்ணிய சரவணம், பவகாரணி, இட்டசித்தி என மூன்று பொய்கைகள். முதலதில் மூழ்கினோர் இந்திரனாற் செய்யப்பட்ட விழுமிய நூலின் அறிவைப் பெறுவர். இரண்டாவதில் மூழ்கினோர் தம் முற்பிறப்பை உணர்வர். மூன்றாவதில் மூழ்கினோர் எண்ணியதை எய்துவர். அப்பொய்கைகளை அடைதல் எளிதன்று. குன்றத்து இறைவனைத் தொழுது மலையை மும்முறை வலம் வருதல் வேண்டும். அப்பொழுது சிலம்பாற்றின் கரையில், பூத்த கோங்க மரத்தின் நிழலில், பொற்கொடி போன்றாள் ஒருத்தி தோன்றுவாள். இம்மைக்கு இன்பம் யாது, மறுமைக்கு இன்பம் யாது, இவ்விரண்டும் அல்லாது என்றும் அழிவின்றி நிற்பது யாது என வினவுவாள். தான் அம்மலையில் வாழ்பவள் என்றும், பெயர் வரோத்தமை என்றும் கூறி, விடையிறுத்தார்க்கு ஏவல் செய்து கதவைத் திறப்பாள். கதவுகள் பல கடந்த பின் இரட்டைக் கதவொன்றன் முன் ஓவியம் போன்ற மற்றொருத்தி தோன்றி, முடிவில்லாத இன்பம் யாதென மீண்டும் வினவுவாள். விடை கூறினோரைப் பொய்கைக் கரைகளிற் கொண்டு விடுவாள். அவர் ஐந்தெழுத்தும் எட்டெழுத்துமாகிய மந்திரங்களை உளத்திற் கொண்டு தாம் விரும்பிய பொய்கையில் மூழ்கலாம்.

பிலம் என்னும் சொல் தமிழ்க் காப்பியங்களில் அச்சத்தோடு தொடர்புடையது. இராமாயணத்தில் சீதையைத் தேடிச் சென்ற வானரர் நீர் வேட்கையால் வருந்தி ஒரு பிலத்தினுட் புகுகின்றனர். உள்ளே பொன்மயமான நகரமும், தனித்துத் தவம் புரியும் சுயம்பிரபையும். ஆயின் உட்புகுந்தோர் தம் ஆற்றலால் வெளியேறுதல் இயலாது. வான்மீகத்தில் அவள் அவர்களைக் கண்மூடச் செய்து புறத்தே கொண்டு விடுகின்றாள். அதற்குள் அரசன் விதித்த தவணை கழிந்துவிடுகின்றது. கம்பர் அப்பிலத்தை அனுமன் பேருருக்கொண்டு பிளப்பதாகப் பாடினார். நீர் தேடிப் புகுதலும், உள்ளே காவல் நிற்கும் பெண்ணும், வெளியேறுதலின் அருமையும் பிலக்கதைகளிற் பன்முறை வரும் கூறுகள்.

இலங்கையின் வடபுலத்தார்க்கு இத்தகைய கற்பனை அயலானதன்று. புத்தூரை அடுத்த நவக்கிரியில் உள்ள நிலாவரையைக் காணாதோர் வடமராட்சியிலும் வலிகாமத்திலும் அரியர். இராமபிரான் வானரப் படையின் வேட்கை தணிக்க அம்பு எய்து தோற்றுவித்த நீர்நிலை என்பது செவிவழிக் கதை. அதில் இட்ட எலுமிச்சங்காய் கீரிமலைக் கேணியில் மிதக்குமென்றும், அதற்கு அடியே இல்லையென்றும் முதியோர் கூறுவர். ஆழம் அளந்தோர் அடியைக் கண்டிருக்கின்றனர். குடாநாட்டின் சுண்ணப்பாறையை மழைநீர் நெடுங்காலம் கரைத்துக் குடைந்த குழிகளுள் அதுவும் ஒன்று. மேலே நன்னீரும் கீழே உவர்நீரும் நிற்பதற்குக் காரணம், பாறையினுள் ஊடுருவிய கடல்நீரின்மேல் மழைநீர் இலேசாக மிதப்பதே. மேல்நீரை அளவின்றி இறைத்தால் கீழுள்ள உவர் ஏறிவரும். அடியற்றது எனும் நம்பிக்கை இராமகதையின் அளவில் அழகியதாயினும், தோட்டக் கிணற்றின் அளவில் கேடு தருவது. இது நிற்க.

அழகர்மலை அவ்வாறு கரையும் சுண்ணப்பாறையால் ஆனதன்று; பெரும்பாலும் தொன்மையான வன்பாறை. கதவு பல கடந்து பொய்கைகளுக்குச் செல்லும் நெடுங்குகை அங்கே காணப்படவில்லை. எனினும் புலவர் வெறுங்காற்றிற் கோட்டை கட்டினார் எனல் பொருந்தாது. மலைமேல் இன்றும் வற்றாது பாயும் நூபுரகங்கை என்னும் சுனை உண்டு. நூபுரம் சிலம்பு ஆதலின் அதுவே சிலம்பாறு. பரிபாடலும் அம்மலையைச் சிலம்பாற்றோடு சேர்த்தே போற்றும். மேலும் அழகர்மலையின் கிடாரிப்பட்டிப் பக்கத்தே இயற்கைக் குகைத்தளம் ஒன்று உள்ளது. அதனுள்ளே கற்படுக்கைகளும், கிறித்துவுக்கு முற்பட்டனவாகக் கருதப்படும் தமிழ்ப் பிராமி எழுத்துக்களும் காணப்படுகின்றன. உப்பு வாணிகனும் அறுவை வாணிகனும் கொழு வாணிகனும் அங்குத் தங்கிய துறவோர்க்குச் செய்த கொடைகளை அவ்வெழுத்துக்கள் பதிவு செய்துள்ளன. அத்துறவோர் சமணர் என்பது அறிஞர் பலர் துணிபு. மறையோன் திருமாலுக்குரியதாகப் போற்றும் அதே குன்றின் குகையிற் கவுந்தியடிகளின் சமயத்தார் தவம் செய்திருக்கின்றனர். வணிகனான கோவலன் முன்னிலையில், வைணவ மறையோனும் சமணத் துறவியும் அம்மலைப் பிலத்தைப் பற்றி உரையாடுவதாக இளங்கோவடிகள் அமைத்த காட்சிக்கு இதனால் ஒரு புதுப்பொருள் கிடைக்கின்றது.

இனி, வரோத்தமையின் வினாவுக்கு மீள்வோம். வழிமறித்து வினவும் தெய்வங்கள் உலக இலக்கியத்திற் பல. கிரேக்கர் கதையில் தீப்ஸ் நகரின் புறத்தே ஸ்பிங்ஸ் என்னும் பெண்ணுருக் கொண்ட விலங்கு விடுகதை கூறும். விடை தெரியாதவர் அதற்கு இரையாவர். மகாபாரதத்து ஆரணிய பருவத்தில் நச்சுப் பொய்கையின் காவலனான யக்கன் வினவுகின்றான். விடையிறுக்குமுன் நீர் பருகிய நகுலன், சகாதேவன், அருச்சுனன், வீமன் ஆகியோர் ஒருவர் பின் ஒருவராக மாண்டு வீழ்கின்றனர். தருமன் விடை கூறி அவர்களை மீட்கின்றான். வினாவுக்கு விலை உயிர் என்பது இவ்விரண்டுக்கும் பொது.

சிலம்பின் பிலத்திலோ அவ்விலை இல்லை. விடை கூறாதாருக்கும் தான் துன்பம் செய்வதில்லை என்றும், அவரை மீண்டும் நெடுவழியிற் கொண்டு விடுவதாகவும் காவல்தெய்வமே உறுதி கூறுகின்றது. பொய்கைகளை விரும்பாதார்க்கும் ஒரு வழி உண்டு. குன்றத்து இறைவனின் திருவடிகளை நினைத்துத் தொழுது செல்லலாம். நடுவழியில் உள்ள தெய்வமும் இவ்வாறே. சோலை சூழ்ந்த ஊர்களும் காடும் விரவிய அவ்வழியில் வாழும் தெய்வம் அச்சுறுத்தாது, இனிய உருவோடு தோன்றி, ஊறு செய்யாமல் வழிச்செல்வோரைத் தடுத்து நிறுத்தும் என மறையோன் எச்சரிக்கின்றான். பேரச்சத்துக்குரிய இடங்கள் என்று எண்ணப்படும் பிலத்தையும் கானுறை தெய்வத்தையும் புலவர் வேண்டுமென்றே கொலைத்தொழிலற்றனவாகப் படைத்துள்ளார். இந்நுட்பத்தைக் காணாது, பிலவுரையைச் சமயச் செய்திகளைப் புகுத்தும் வாய்ப்பாக மட்டும் கொள்வோர் காப்பியத்தின் பாதிப் பொருளை இழப்பர்.

நடுவழியில் நிகழ்ந்ததைக் காண்க. கண்ணகியும் கவுந்தியடிகளும் நடந்த களைப்பால் வழியோரத்து அமர, கோவலன் நீர் தேடிப் பொய்கைக் கரைக்குச் செல்கின்றான். மாதவியின் தோழியான வயந்தமாலையின் உருவில் கானுறை தெய்வம் வந்து காலில் வீழ்ந்து அழுகின்றது. மாதவி தன்னை வெறுத்துத் துரத்தியதாகவும், கோவலன் மதுரைக்குச் செல்வதறிந்து வணிகச் சாத்தோடு வந்ததாகவும் புனைந்துரைக்கின்றது. மறையோன் கூறியது கோவலனின் நினைவுக்கு வருகின்றது. மானூர்தியளான கொற்றவையின் மந்திரத்தை ஓதுகின்றான். தெய்வம் தன்னை வனசாரிணி என வெளிப்படுத்தி, இச்செயலைக் கண்ணகிக்கும் கவுந்தியடிகளுக்கும் உரையாதே என வேண்டி மறைகின்றது. அவன் தாமரையிலையில் நீர் முகந்து வந்து கண்ணகியின் தளர்ச்சியைத் தீர்க்கின்றான். பழைய காமத்தின் குரல் இத்துணை தெளிவாக வந்தழைத்தும் அவன் நிலைபெயரவில்லை. கானல் வரியில் ஒரு பாட்டின் பொருளை மயங்கி மாதவியை நீங்கியவன், காட்டில் மயக்கத்தை மயக்கமென அறிந்துகொண்டான். கோவலனை மதியிலி எனக் கூறுவோர் இவ்விடத்தைப் படித்திருப்பின் அத்துணை விரைந்து தீர்ப்பளியார்.

பிலத்தை மறுத்தவர் யார் என்னும் வினா இதனினும் கூரியது. மறையோன் வழி கூறியது கோவலனுக்கு. விடை கூறியவரோ கவுந்தியடிகள். இந்திரன் தந்த நூலின் பொருள் அருகனது ஆகமத்தே உண்டு. முற்பிறப்பிற் செய்தவற்றையெல்லாம் இப்பிறப்பிலேயே காணலாம். மெய்ம்மையினின்று வழுவாது பிறவுயிரை ஓம்புவார்க்கு எய்த முடியாத பொருள் ஒன்றில்லை. ஆதலின் பிலம் புகுதல் எமக்கு வேண்டா. நீ விரும்பிய தெய்வத்தை நீ தொழச் செல்க, யாம் எம் வழிச் செல்வோம் என்பது அவர் கூற்றின் சாரம். மூன்று பொய்கைகளுக்கும் மூன்று மறுப்பு. வரோத்தமையின் வினாவுக்கு மறையோன் விடை கூறவில்லை, கோவலனும் கேட்கவில்லை. கேளாமலே விடை பகர்ந்தவர் கவுந்தியடிகள் எனவும் கொள்ளலாம். அவ்விடை கேட்டிருப்பின் கதவு திறந்திருக்கும் என்பதில் ஐயமில்லை. எனினும் அவர் அக்கதவை அணுகவே விரும்பவில்லை.

இம்மறுப்பிற் குற்றம் காண்பது அரிது. தம் சமயத்தில் உறுதியுடைய துறவி பிற சமயத்தின் அற்புதத்தை நாடாது விலகுதல் முறையே. அதனையும் பகைமையின்றிச் சொல்கின்றார். ஆயினும் காப்பியத்தைத் தொடர்ந்து 23ஆம் காதையாகிய கட்டுரை காதை வரை படிப்போர்க்கு ஒரு நடுக்கம் உண்டாகாமற் போகாது. மதுரை எரிந்த பின் மதுராபதித் தெய்வம் கண்ணகிக்குப் பின்புறமாக வந்து கோவலனது முற்பிறப்பைக் கூறுகின்றது. கலிங்க நாட்டிற் சிங்கபுரத்து அரசனும் கபிலபுரத்து அரசனும் பகைத்திருந்த காலத்தில், சங்கமன் என்னும் வணிகன் தன் மனைவியுடன் சிங்கபுரத்துக்கு வந்து கடைத்தெருவில் அணிகலன் விற்றான். அரசனிடம் தொழில் புரிந்த பரதன் என்பான் அவனை ஒற்றன் எனக் காட்டிக் கொடுத்துக் கொல்வித்தான். சங்கமனின் மனைவி நீலி 14 நாள் அலமந்து, மலையேறி, தமக்குத் துன்பம் செய்தோர் இத்துன்பமே உறுக எனச் சபித்து வீழ்ந்தாள். அப்பரதனே கோவலன்.

பவகாரணியில் மூழ்கினோர் அறியும் செய்தி இதுவேயன்றோ? மனைவியுடன் அயலூருக்கு வந்து, கடைத்தெருவில் அணிகலன் விற்கப்போய், பொய்க்குற்றத்தால் அரசனது ஆணையில் மடிந்த வணிகனின் கதையைத் தன் கதையாக அறிந்தவன், ஒற்றைச் சிலம்பை எடுத்துக்கொண்டு மதுரைக் கடைவீதிக்குச் சென்றிருப்பானா? இளங்கோவடிகள் 11ஆம் காதையில் வைத்த பொய்கைக்கும் 23ஆம் காதையில் வைத்த பழம்பிறப்புக்கும் உள்ள இத்தொடர்பு தற்செயலாக நேர்ந்ததெனக் கொள்வதற்கில்லை. முற்பிறப்பிற் செய்தவற்றை இப்பிறப்பிற் காணலாம் என்ற கவுந்தியடிகளின் சொல்லும் கொடியதொரு முறையில் மெய்யாயிற்று. கோவலன் அதனைக் கண்டான். பொய்கை நீரில் அன்று, கொலைக்களத்தில்.

பிலத்தினுட் சென்றிருப்பினும் ஊழ் விட்டிராது என்பர் சிலர். ஊழ்வினை தொடர்ந்து வந்து பயனூட்டும் என்பது காப்பியத்தின் மூன்று நோக்கங்களுள் ஒன்றாகப் பதிகத்திலேயே கூறப்படுதலின், அவர் கூற்று தள்ளத்தக்கதன்று. ஆயின் தடுக்க முடியாத ஊழை மட்டும் காட்ட விரும்பிய புலவர்க்கு மூன்று வழிகள் வேண்டியதில்லை, ஒருவழியே போதும். சூலம்போற் பிரிந்த வழியைக் காட்டி, அவற்றுள் ஒன்றில் அறிவு கிடைக்கும் என்பதையும் சொல்லி, அதனை ஒரு நல்லாரின் நல்ல காரணத்தால் மூடிவிடுகின்றார். தீயோர் தடுத்ததால் வந்த கேட்டைக் காட்டிலும், அன்புடையோர் அறநெறியில் நின்று கூறிய சொல்லால் நேர்ந்த இழப்பு தாங்குதற்கு அரியது. அடியார்க்கு நல்லாரின் உரையோடு காப்பியம் முழுவதையும் 1892இல் அச்சிட்டு உதவிய உ. வே. சாமிநாதையரின் பதிப்பு வந்த நாள்தொட்டு, ஊழ் பற்றிய விளக்கங்கள் மிகப்பல தோன்றியுள்ளன. அவற்றுக்கிடையே பவகாரணிக்கும் ஓரிடம் தருதல் தகும்.

மூன்று வழியும் இறுதியில் மதுரைப் பெருவழியிற் கூடும் என மறையோன் கூறியதையும் ஈண்டுக் கருதல் வேண்டும். பாலையில் எயினர் இருந்தனர். அவர்கள் ஐயை கோட்டத்திற் கண்ணகியைக் கண்டபோது சாலினி தெய்வமேறி அவளை வாழ்த்தினாளேயன்றி எவரும் தீங்கு செய்யவில்லை. காட்டில் வனசாரிணி இருந்தாள். மன்னிப்புக் கேட்பாள்போல் வேண்டி விலகினாள். பிலத்தில் வரோத்தமை இருந்தாள். அவள் வாயிலுக்கு அவர்கள் செல்லவேயில்லை. காட்டின் ஏதங்கள் அனைத்தும் கழிந்து, கோட்டையும் அகழியும் காவலும் உடைய மாநகருட் புகுந்த பின்னரே, அரசவையோடு தொடர்புடைய பொற்கொல்லன் ஒருவன் பணிந்து நின்று கோவலனோடு பேசுகின்றான். அவன் எவ்வினாவும் எழுப்பி வழிமறிக்கவில்லை. 

கவுந்தியடிகள் கண்ணகியை மாதரியிடம் அடைக்கலமாக ஒப்புவித்துத் தங்கியிருந்தார். கோவலன் கொலையுண்டதும் நகர் எரிந்ததும் அவர் செவிக்கு எட்டின. உண்ணாநோன்பு மேற்கொண்டு அவர் உயிர் நீத்ததை, 27ஆம் காதையில் மாடல மறையோன் சேரன் செங்குட்டுவனுக்கு உரைக்கின்றான்.